ராயபுரம் மொட்டை மாடியில் நினைவுப் பயிற்சி

ஜூன் 14, 2025

அப்பாவை நரம்பியல் மருத்துவரிடம் அழைத்துச் சென்றோம். மூன்று சொற்களைச் சொல்லி மனத்தில் வைத்துக்கொள்ளச் சொன்னார். பிறகு ஒரு கடிகாரம் வரைந்து அதில் பதினொன்று பத்தைக் காட்டச் சொன்னார். நூறிலிருந்து ஏழு ஏழாகக் கழிக்கவும் சொன்னார். கழித்தலில் அப்பா தடுமாறவே இல்லை. பெரம்பூர் ரயில்வே பணிமனையில் ஓய்வு பெறும்வரை அளவுகளோடு வாழ்ந்தவர். ஆனால் கடைசியில் கேட்டபோது மூன்று சொற்களில் ஒன்று வரவில்லை.

பி12, தைராய்டு இரண்டுக்கும் ரத்தப் பரிசோதனை, காதுப் பரிசோதனை ஒன்று, ஆறு மாதம் கழித்து மீண்டும் வர வேண்டும். மறதி நோய் என்று சொல்லும்படி இப்போது எதுவும் இல்லையாம். கிளம்பும்போது, “மூளைக்கு வேலை கொடுங்கள்” என்றார். எந்த வேலை, எவ்வளவு, யாரோடு? அதைத் தேடித்தான் இதை எழுத ஆரம்பிக்கிறேன். வீட்டில் பெரியவர்கள் இருக்கும் எல்லோருக்கும் இந்தக் கேள்வி இருக்கும்.

ஜூன் 17

தம்பி அப்பாவின் கைபேசியில் ஒரு மூளைப் பயிற்சிச் செயலியை ஏற்றிக் கொடுத்தான். படங்களைப் புரட்டி ஜோடி சேர்க்கும் விளையாட்டு. அப்பா நான்கு முறை ஆடிவிட்டுக் கைபேசியைக் கவிழ்த்து வைத்துவிட்டார்.

இரவு உட்கார்ந்து படித்தேன். அமெரிக்காவில் 65 வயதைக் கடந்த 2,832 பேரை வைத்து ‘ஆக்டிவ்’ என்ற பெரிய ஆய்வு நடந்திருக்கிறது. ஒரு குழுவுக்கு நினைவுப் பயிற்சி, ஒரு குழுவுக்குத் தர்க்கப் பயிற்சி, இன்னொன்றுக்குக் கண்ணால் கண்டதை விரைவாகப் புரிந்துகொள்ளும் பயிற்சி. நான்காவது குழுவுக்கு எதுவும் இல்லை. 2002-இல் முதல் முடிவுகள் வந்தன. எதில் பயிற்சி பெற்றார்களோ அதில் மட்டும் முன்னேறினார்கள். நினைவுப் பயிற்சி தர்க்கத்தை வளர்க்கவில்லை, தர்க்கப் பயிற்சி நினைவைக் கூட்டவில்லை. பத்து ஆண்டு கழித்துப் பார்த்தபோது தர்க்கமும் வேகமும் ஓரளவு நின்றிருந்தன, நினைவுப் பயிற்சியின் பலன் கரைந்துவிட்டிருந்தது. ஆனாலும் மூன்று குழுவினருமே, அன்றாட வேலைகளில் மற்றவர்களைவிடச் சிரமம் குறைவு என்று சொல்லியிருக்கிறார்கள்.

இதே துறையில்தான் ‘லூமோசிட்டி’ செயலியை நடத்திய நிறுவனம் 2016-இல் 20 லட்சம் டாலர் கட்டியது. மறதி நோயைத் தள்ளிப்போடும் என்ற ரீதியில் செய்த விளம்பரங்களுக்குப் போதிய அறிவியல் ஆதாரம் இல்லை என்று அமெரிக்க வர்த்தக ஆணையம் குற்றம் சாட்டியிருந்தது.

எனக்குப் புரிந்தது இதுதான்: சுடோக்கு போட்டால் சுடோக்கு நன்றாக வரும். அடுப்பை அணைக்கும் நினைவு வராது. அதனால் அப்பா எதை மறக்கக் கூடாதோ அதையே விளையாட்டாக்க வேண்டும். மாத்திரை, கடைக்குப் போனால் வாங்க வேண்டியவை, புதிதாகக் குடிவந்தவர்களின் பெயர்கள்.

ஜூன் 22

ஞாயிற்றுக்கிழமை. எதிர்வீட்டு பாய் தன் பழைய கேரம் போர்டைத் துடைத்து எங்கள் மொட்டை மாடிக்குக் கொண்டு வந்தார். வடசென்னையில் கேரம் இல்லாத தெரு ஏது? உலகப் பட்டத்தை இரண்டு முறை வென்று அர்ஜுனா விருதும் பெற்ற மரிய இருதயத்தைப் பற்றி அப்பா பேச ஆரம்பித்தால் நிறுத்த மாட்டார். 2024-இல் அமெரிக்காவில் நடந்த உலகக் கோப்பையில் புதுவண்ணாரப்பேட்டைப் பெண் காசிமா 3 தங்கம் வென்று வந்தபோது, தன் வீட்டுப் பிள்ளை வென்றதைப் போலத் தெருவுக்கே மிட்டாய் வாங்கிக் கொடுத்தார்.

இன்று ஸ்ட்ரைக்கரைத் தொட்டதும் அவர் விரல் நடுக்கம்கூடக் குறைந்ததாகத் தோன்றியது. கறுப்பு ஒன்பது, வெள்ளை ஒன்பது, நடுவில் சிவப்பு. யாருக்கு எத்தனை புள்ளி என்று எழுதாமலே கடைசிவரை சொல்லிக்கொண்டு வந்தார். பாய் ஓர் இடத்தில் மூன்று புள்ளி கூட்டிச் சொல்ல, “பாய், போன போர்டில் சிவப்பைப் போட்டு காயைப் போடவில்லை நீங்கள்” என்று பிடித்துவிட்டார்.

நேற்றுச் சாப்பிட்ட மாத்திரை நினைவில்லாதவருக்கு இது எப்படி முடிகிறது? கை பழகிய வித்தையும் பழைய நினைவும் மூளையில் வேறு வழிகளில் தங்குகின்றன. புதிதாக நடந்ததைப் பதிய வைக்கும் வழிதான் வயதில் முதலில் தளர்கிறது. கேரம் அந்த வழியைச் சரிசெய்துவிடும் என்று நான் நம்பவில்லை. ஆனால் அவர் மூன்று மணி நேரம் பேசினார், சிரித்தார், சண்டை போட்டார். நியூயார்க்கில் 75 வயதைத் தாண்டிய 469 பேரைத் தொடர்ந்து கவனித்து 2003-இல் வெளியிட்ட ஆய்வில், வாசிப்பு, பலகை விளையாட்டு, இசைக்கருவி, நடனம் ஆகியவற்றில் ஈடுபட்டவர்களிடம் மறதி நோய் குறைவாக இருந்தது. விளையாடியதால் நோய் வரவில்லையா, நோய் இல்லாததால் விளையாட முடிந்ததா என்று அதை வைத்துத் தீர்த்துச் சொல்ல முடியாது. எனக்குக் கேரம் போர்டு மாடியில் இருந்தால் போதும்.

ஜூன் 29

கல்மண்டபம் மார்க்கெட்டுக்குச் சீட்டு இல்லாமல் போனோம். கிரேக்கக் கவிஞர் சிமோனிடிஸ் கண்டதாகச் சொல்லப்படும் உத்தி: நன்றாகத் தெரிந்த வழியில் மனத்தால் நடந்து, ஒவ்வோர் இடத்திலும் ஒரு பொருளை வைத்துவிட வேண்டும். பிறகு அதே வழியில் நடந்து ஒவ்வொன்றாக எடுத்துக்கொள்ளலாம்.

வழியை அப்பாவே தேர்ந்தெடுத்தார், அவர் சைக்கிளில் வேலைக்குப் போன வழி. எங்கள் வாசற்படியில் சின்ன வெங்காயம் கொட்டிக் கிடக்கிறது. இஸ்திரி வண்டிக்காரர் முருங்கைக்காயைத் தேய்க்கிறார். ராயப்பர் கோயில் படியில் கத்தரிக்காய் வரிசையாக உட்கார்ந்திருக்கிறது. 1856-இல் திறந்த ராயபுரம் ரயில் நிலையத்தின் தூண்கள் முழுக்கக் கறிவேப்பிலை சுற்றியிருக்கிறது. இப்படி எட்டுப் பொருள். படம் எவ்வளவு விசித்திரமோ அவ்வளவு நன்றாக ஒட்டும். கடையில் நின்று கண்ணை மூடி ஒவ்வொன்றாகச் சொன்னார். எட்டும் வந்தன. தக்காளியைத் தூக்கிப் பார்த்துப் பேரம் பேசி, மீதிச் சில்லறையையும் மனக்கணக்காகவே சரிபார்த்தார்.

ஜூலை 3

மேல்மாடிக்குப் புதிதாக வந்த பையனின் பெயர். சொல்லிக் கொடுத்து ஒரு நிமிடம் கழித்துக் கேட்டேன், பிறகு ஐந்து நிமிடம், பிறகு அரை மணி, பிறகு சாப்பாட்டுக்குப் பின், பிறகு மறுநாள் காலை. தவறினால் கடிந்துகொள்ளாமல் உடனே சரியான பெயரைச் சொல்லி, முந்தைய இடைவெளிக்குத் திரும்ப வேண்டும். திரும்பத் திரும்பப் படிப்பதைவிட நினைவிலிருந்து வெளியே எடுப்பதுதான் ஆழமாகப் பதிகிறது. பத்தாம் வகுப்பு படிக்கும் மகளும் சமூக அறிவியலை இப்படியே படிக்கத் தொடங்கிவிட்டாள்.

ஜூலை 13

மகளின் தமிழ்ப் பாடத்தில் செய்குத்தம்பிப் பாவலர் வருகிறார். 1907 மார்ச் 10 அன்று சென்னை விக்டோரியா அரங்கத்தில் அறிஞர்கள் முன்னிலையில் நூறு செயல்களை ஒரே நேரத்தில் கவனித்துச் செய்துகாட்டிச் ‘சதாவதானி’ என்று பாராட்டப்பட்டவர். ராயபுரத்திலிருந்து அந்த அரங்கம் எவ்வளவு தூரம்? “தாத்தா, நாமும் அவதானம் செய்யலாமா?” என்றாள்.

அவதானியைச் சுற்றிப் பலர் இருப்பார்கள். ஒருவர் வெண்பாவுக்கு ஈற்றடி கொடுப்பார், ஒருவர் கணக்குக் கேட்பார், ஒருவர் முதுகில் சிறு கல்லை எறிந்துகொண்டே இருப்பார். எல்லாம் முடிந்தபின் எத்தனை கல் என்று அவதானி சொல்ல வேண்டும். நாங்கள் மூன்றோடு நிறுத்திக்கொண்டோம். மகள் ஒரு பத்தி வாசிப்பாள், பாயின் மனைவி இடையிடையே டம்ளரில் கரண்டியால் தட்டுவார், நான் ஒரு பெருக்கல் கேட்பேன். கடைசியில் பத்தியின் சாரம், தட்டிய எண்ணிக்கை, விடை மூன்றையும் சொல்ல வேண்டும்.

அப்பாவுக்குத் தட்டல் எண்ணிக்கை தவறிக்கொண்டே இருந்தது. மறதி என்றுதான் நினைத்தேன். பாயின் மனைவிதான் கவனித்தார்: தான் அப்பாவின் இடப்பக்கம் நின்று தட்டினால் மட்டும் எண்ணிக்கை குறைகிறது. வலப்பக்கம் வந்து தட்டச் சொன்னோம், சரியாக வந்தது. காதில் விழாத ஒன்றை மூளை எப்படிப் பதித்துக்கொள்ளும்? லான்செட் மருத்துவ இதழின் குழு 2024-இல், மாற்றக்கூடிய 14 காரணங்களைச் சரிசெய்தால் உலகில் 45 சதவீதம் வரை மறதி நோயைத் தடுக்கவோ தள்ளிப்போடவோ முடியும் என்று கணக்கிட்டது. கேட்கும் திறன் குறைவு அந்தப் பட்டியலில் இருக்கிறது. நாளையே காதுப் பரிசோதனைக்கு நேரம் வாங்க வேண்டும்.

ஜூலை 20

இன்று பக்கத்துத் தெரு பெரியம்மாவையும் அழைத்து வந்தார்கள். அவருக்கு மறதி நோய் உறுதியாகிச் சில காலம் ஆகிறது. வந்த உறவினர் ஒருவர், “நான் யார், சொல்லுங்கள் பார்ப்போம்” என்று கேட்டார். பெரியம்மா முகம் சுருங்கிப்போனார். தயவுசெய்து யாரும் இப்படிக் கேட்காதீர்கள். “பெரியம்மா, நான் உங்கள் தங்கை மகன் வந்திருக்கிறேன்” என்று நாமே சொல்லிக்கொண்டு போய் உட்காரலாமே.

பிரிட்டனில் உருவான அறிவுத் தூண்டல் சிகிச்சையில் இதுவே அடிப்படை. விடை கேட்பதில்லை, கருத்துக் கேட்பார்கள். வாரம் இரண்டு முறை, ஏழு வாரம், மொத்தம் 14 அமர்வுகள். உணவு, பணம், இளமைக்காலம், சொல் விளையாட்டு என்று ஒவ்வொரு நாளும் ஒரு பொருள். லேசான, நடுத்தர நிலையில் இருப்பவர்களுக்கானது. சென்னையில் ஸ்கார்ஃப் என்ற மனநல நிறுவனம் இதைத் தமிழ்ச் சூழலுக்கு ஏற்றபடி செய்து பார்த்திருக்கிறது.

பெரியம்மாவிடம் நெத்திலிக் கருவாட்டைக் கொடுத்து, “குழம்புக்கு மாங்காய் நல்லதா, கத்தரிக்காய் நல்லதா?” என்று கேட்டேன். மாங்காய்தான் என்றார். பாய் கத்தரிக்காய்க்கு வாதாட, பெரியம்மா விடவில்லை. கால் மணி நேரம் பேசினார்.

ஜூலை 27

அப்பாவுக்கு இடக் காதில் கருவி பொருத்தியாகிவிட்டது. பி12 குறைவுக்கும் மருந்து தொடங்கியிருக்கிறார்கள். மாலையில் நடக்கவும் போகிறார். 120 முதியவர்களில் பாதிப் பேரை ஓராண்டு நடக்கவைத்த ஆய்வில், நடந்தவர்களுக்கு மூளையில் நினைவுக்கு முக்கியமான ஹிப்போகாம்பஸ் பகுதி சுமார் 2 சதவீதம் வளர்ந்ததாக 2011-இல் வந்ததைப் படித்துக் காட்டியபின் தட்டிக்கழிக்கவில்லை.

அடுத்த ஞாயிறுக்கு இன்னும் இரண்டு வீட்டார் வருகிறார்கள். மாடியில் நிழலுக்கு ஒரு தார்ப்பாய் கட்ட வேண்டும், போர்டுக்குப் பவுடர் வாங்க வேண்டும். பெரியம்மாவுக்காகப் பல்லாங்குழியைப் பரணிலிருந்து இறக்க வேண்டும், சோழிகள் பாய் வீட்டில் இருக்கின்றன. வாங்க வேண்டியவற்றை அப்பாவிடம் சொல்லிவிட்டேன், சீட்டு எழுதவில்லை.