வற்றாப்பளைப் பொங்கலும் அறுபது பரலும்

முல்லைத்தீவில் வற்றாப்பளைக் கண்ணகி அம்மன் கோயில் பொங்கலுக்குப் போகிறவர்கள் முள்ளியவளையில் ஓட்டோ பிடிக்காதீர்கள். நடந்தே போங்கள், வழி முழுக்கச் சனம் நடக்கிறது. எனக்கு இன்னும் கோபம் ஆறவில்லை. 800 ரூபா என்று பேசித்தான் ஏறினேன். இறங்கும்போது, "தம்பி, இண்டைக்குப் பொங்கலெல்லோ, 1500 தாங்கோ" என்கிறார். "ஏறேக்க ஒரு கதை, இறங்கேக்க ஒரு கதையோ அண்ணை?" என்று கேட்டேன். "இந்தச் சனத்துக்குள்ளாலை வெறும் வண்டியைத் திருப்பிக்கொண்டு போறது ஆர்?" என்றார். கொடுத்துவிட்டு வந்தேன். அந்த 700 ரூபாவில் இரண்டு நேரம் சாப்பிட்டிருப்பேன்.

வழி, செலவு, தங்குமிடம் என்று ஒழுங்காகவே எழுதுகிறேன். வவுனியாவிலிருந்து புளியங்குளம், நெடுங்கேணி, ஒட்டுசுட்டான் வழியாக பஸ் இருக்கிறது. நான் ஏறிய தனியார் பஸ்ஸில் கால் வைக்க இடமில்லை. அதற்குள்ளும் நெடுங்கேணியில் இன்னும் பத்துப் பேரை ஏற்றினார்கள். ஏ9 வீதியால் வருகிறவர்கள் மாங்குளத்தில் இறங்கி மாறினால் கொஞ்சம் நிம்மதி.

நான் போனது நேர்த்திக்கு அல்ல. நானும் ஒரு சிநேகிதனும் சித்திரக்கதை ஒன்று செய்துகொண்டிருக்கிறோம். அதில் வரும் நாட்டுக்கு ஏழ்கரை என்று பெயர் வைத்திருக்கிறோம். முழுக்கக் கற்பனை. அந்த நாட்டுச் சனம் கும்பிடும் சின்னம் நாழிச்சிலம்பு. கோயில் நடுவில் தொங்கும் பெரிய செப்புச் சிலம்பு அது, உள்ளே 60 பரல், சிலம்புக்குள் கிலுங்குமே அந்த மணிகள். நாழிகைக்கு ஒரு பரல் கீழே இருக்கும் வெண்கலத் தட்டில் விழும். அந்த ஓசையைக் கேட்டுத்தான் ஊர் எழும்பும், உழும், உறங்கும். ஒவ்வொரு 15 பரலுக்கும் கோயிலில் பண் மாறும்.

கணக்கெல்லாம் நம்முடைய பழைய கணக்குத்தான். நாழிகை என்றால் 24 நிமிடம், நாளுக்கு 60 நாழிகை. அடியில் சின்னத் துளை போட்ட வட்டிலைத் தண்ணீரில் மிதக்கவிட்டு, அது நிறைந்து தாழும் நேரத்தை அளந்தார்கள். முல்லைப்பாட்டில் பாசறையில் இருக்கும் அரசனிடம் நாழிகைக் கணக்கர் வந்து, வாழ்த்தி, இத்தனை நாழிகை ஆயிற்று என்று அறிவிப்பார்கள். எங்கள் சிக்கல் சாமத்தில் வந்தது. நாளுக்கு எட்டுச் சாமம், ஒரு சாமம் ஏழரை நாழிகை. ஏழு பரல் விழும், எட்டு விழும், ஏழரை எப்படி விழும்? சாமத்துக்கு எட்டு நாழிகை, நாளுக்கு 64 பரல் என்று மாற்றிவிடுவோம் என்று சிநேகிதன் ஒற்றைக்காலில் நின்றான். எனக்கு மனமே வரவில்லை. கண்ணகிக்குப் பொங்கும் இடத்தில் பறையை ஒருதரம் பக்கத்தில் நின்று கேட்போம் என்றுதான் புறப்பட்டேன்.

கோயில் நந்திக்கடல் ஓரத்தில். பொங்கல் வைகாசியில், திங்கட்கிழமை. ஒரு கிழமைக்கு முன்னரே முல்லைத்தீவுக் கடலில் தீர்த்தம் எடுத்து முள்ளியவளை காட்டா விநாயகர் கோயிலுக்குக் கொண்டுபோய், அந்த உப்புநீரில் விளக்கு எரிப்பார்கள். வெயில் என்றால் அப்படி ஒரு வெயில். தண்ணீர்ப் பந்தல்களில் மோரும் சர்க்கரைத் தண்ணீரும் வார்த்துக்கொண்டே இருந்தார்கள், ஒரு சதம் செலவில்லை. காவடிகளும் பாற்செம்புகளும் வந்தபடியே இருந்தன.

வெளியே கடை வரிசையில் போட்ட ஒலிபெருக்கியைப் பற்றிச் சொல்லியே ஆகவேண்டும். பிளாஸ்டிக் வாளி விற்கிறவருக்கு இத்தனை பெரிய பெட்டி எதற்கு? உள்ளே பறை முழங்க, வெளியே சினிமாப் பாட்டு. பொங்கல் நாளில் பறையை மறைக்கும் எந்தச் சத்தத்தையும் அந்தச் சுற்றாடலில் விடக்கூடாது. இதில் எனக்கு இரண்டாம் பேச்சு இல்லை.

ஒருவழியாக முட்டி மோதி உள்ளே போய், பறையடிக்கும் ஐயா ஒருவரிடமிருந்து கையெட்டும் தூரத்தில் நின்றேன். ஒரு கையில் தடித்த கோல், மற்றதில் மெல்லிய கோல். தடித்த கோல் விழும் இடம் கணக்கு. இரண்டு விழுகைக்கு நடுவில் மெல்லிய கோல் தோலை விட்டு எழும்பாமலே துடித்துக்கொண்டிருந்தது. தோலில் கோல் படும் இடம் மட்டும் தேய்ந்து பளபளத்தது. கொஞ்ச நேரத்தில் அடி மாறியது. அந்த மாற்றம் தடித்த கோலில் தொடங்கவில்லை, நடுவில், மெல்லிய கோலில் தொடங்கியது! பக்கத்தில் நின்ற அம்மா உடனே கை கூப்பினார். அவர் மணிக்கூடு பார்க்கவுமில்லை, ஒருவரையும் கேட்கவுமில்லை.

எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. பாட்டில் அரை இடத்தில் எடுப்பது நமக்குப் புதிதா? தாளம் விழுந்து அரை எண்ணிக்கை கழித்துத் தொடங்கும் கீர்த்தனைகள் எத்தனை! ஏழாம் பரலுக்கும் எட்டாம் பரலுக்கும் நடுவில் ஏழ்கரையில் பரல் விழ வேண்டியதே இல்லை. அந்த இடத்தைப் பறை எடுக்கும். நாழிகை பரலுக்கு, சாமம் பறைக்கு. அடுத்த சாமம் 15ஆம் பரலோடு சரியாக வந்து சேரும், அங்கே பண் மாறும்.

செலவுக் கணக்கு இன்னும் எழுதவில்லை. பஸ்ஸுக்கும் சாப்பாட்டுக்கும் பெரிதாகப் போகவில்லை, ஓட்டோதான் கையைக் கடித்தது. தங்க அறை தேடவில்லை, விடிய விடியச் சனம் இருக்கும் கோயிலில் அது தேவைப்படவுமில்லை. காசு கொடுத்ததில் மனம் நிறைந்தது பாலைப்பழம் ஒன்றுதான். ஒட்டுசுட்டான் பக்கம் தெருவோரத்தில் ஒரு ஆச்சி சுண்டில் அளந்து விற்றார். தேனாக இனித்தது. பால் உதட்டில் பிசினாக ஒட்டி, வாயைத் திறக்கவே விடவில்லை. "நல்லெண்ணெய் பூசு மோனை, போயிடும்" என்றார். இன்னொரு சுண்டு வாங்கிப் பையில் போட்டேன்.

பஸ்ஸில் இருந்தே சிநேகிதனுக்கு எடுத்துச் சொன்னேன். 64ஐ விட்டுவிட்டான். பறையடிக்கிறவருக்குக் கதையில் தனிப் பாத்திரம் வேண்டும் என்று இப்போது அவன்தான் நிற்கிறான். கோல் பிடிக்கும் கையை வரைய நான் கைபேசியில் எடுத்த படங்கள் போதும்.