பெயிண்டர் நடத்திய பத்திரிகை

மார்ட்டின் ட்ரான்மேல் 1879இல் பிறந்தவர், நார்வேக்காரர். தொழில் வீட்டுக்குப் பெயிண்ட் அடிப்பது. அமெரிக்காவில் வேலை பார்த்தபோது அங்குள்ள தீவிரத் தொழிற்சங்கங்களின் போக்கு அவரிடம் ஒட்டிக்கொண்டது. 1911இல் நார்வே நகரமான ட்ரோன்ஹெய்மில் ஒரு பேச்சு: வேலைநிறுத்தம் தொடங்கும்போது பாறைத் துளைகளில் கொஞ்சம் டைனமைட்டை விட்டுவைத்தால் கருங்காலிகள் துளையிடத் துணிவார்களா என்று கேட்டார். எதிரிகள் ஆயுள் முழுக்க அதைச் சொல்லியே அடித்தார்கள்.

1913 முதல் 1918 வரை அந்த ஊரில் 'நி தீத்' பத்திரிகையின் ஆசிரியர். 1921இல் தலைநகரில் தொழிற்கட்சியின் நாளிதழான 'சோசியல் டெமோக்ராத்தன்' கைக்கு வந்தது. 1923இல் அது 'ஆர்பைதர்பிளாதெ' எனப் பெயர் மாறியது. அதே ஆண்டு நவம்பரில் மாஸ்கோ தலைமையிலான உலகக் கம்யூனிஸ்ட் கட்சிகளின் அமைப்பான கம்யூனிஸ்ட் அகிலத்தோடு முறிவு, தொழிற்கட்சி உடைந்தது. நாளிதழ் ட்ரான்மேல் பக்கமே நின்றது. மாஸ்கோ பக்கம் நின்று பிரிந்து போனவர்கள் புதிதாக ஒரு பத்திரிகை தொடங்க வேண்டியதாயிற்று. என் கணக்கில் அந்தப் பிளவில் பாதி வெற்றி இதுதான்: தினமும் உறுப்பினர் வீட்டுக்குப் போகும் தாள் யாரிடம் இருக்கிறதோ, வாதம் அவர் பக்கம்.

1940இல் ஜெர்மானியர் வந்ததும் பத்திரிகை மூடப்பட்டது. அவர் ஸ்வீடனுக்குப் போனார். 1945இல் திரும்பி, நாற்பதுகளின் இறுதிவரை ஆசிரியர் நாற்காலியில் இருந்தார். அமைச்சர் பதவி? ஒருபோதும் ஏற்கவில்லை.