பழைய அனலாக் கேமராவை நெட்வொர்க்கில் சேர்க்க, முதலில் கேபிளைப் பாருங்கள்

சிங்கப்பூர் லிட்டில் இந்தியா கடைவீடுகளில் சுவரோடு ஓடும் பழைய ஆர்ஜி59 கேபிள் (அனலாக் கேமராவின் கோஆக்சியல் கேபிள்) அறுபடாமல் இருந்தால், அதைப் பிடுங்கிவிட்டு கேட்6 நெட்வொர்க் கேபிள் இழுக்க வேண்டியதில்லை. நான்கு கேமராவுக்கு, அனலாக் படத்தை நெட்வொர்க் வீடியோவாக மாற்றும் நான்கு சேனல் வீடியோ என்கோடர் ஒன்று போதும். கேமரா கேபிள் பிஎன்சி என்னும் வட்ட இணைப்பு முனையில் நுழையும், படம் லேன் வழியாக என்விஆர் என்னும் நெட்வொர்க் பதிவுக் கருவிக்குப் போகும்.

வாங்கும் முன் கேமராவின் வகையைப் பாருங்கள். முனை ஒன்றுதான்; ஆனால் சிவிபிஎஸ் (பழைய சாதாரண அனலாக்) மட்டும் ஏற்கும் என்கோடரில் ஏஎச்டி, டிவிஐ என்னும் உயர்தெளிவு அனலாக் கேமராவைச் செருகினால் படமே வராது. இங்கே பழைய கேமராக்கள் பெரும்பாலும் பிஏஎல் என்னும் வீடியோ முறை. என்கோடர் என்டிஎஸ்சி என்னும் வேறு முறையில் கிடந்தால் படம் நிறமிழந்து உருளும்.

பகலில் தெளிவாக இருந்து இரவில் மட்டும் படம் போகிறதா? என்கோடரைத் திட்டாதீர்கள். இருட்டியதும் அகச்சிவப்பு விளக்குகள் எரிந்து மின்சாரத்தை இழுக்கும். மெல்லிய கம்பியில் 12 வோல்ட் வழியிலேயே குறைந்துவிடும். விளக்கு எரியும்போது, கேமரா முனையில் மீட்டர் வைத்துப் பாருங்கள். அடாப்டர் பக்கம் அளப்பதில் பயனில்லை. தடித்த கம்பி போடலாம், அல்லது அடாப்டரைக் கேமரா அருகே கொண்டுபோகலாம்.

கடைவீட்டு முன்புற ஐந்தடி நடைபாதைக் கேமராக்களில் ஈரம் ஏறி பிஎன்சி பச்சை பூத்திருக்கும். வெட்டிவிட்டு கிரிம்ப் (இடுக்கியால் நசுக்கிப் பொருத்தும்) வகை போடுங்கள். சிம் லிம் டவரில் கிடைக்கும். திருகி மாட்டும் வகை மலிவு, ஆனால் சீக்கிரம் தளர்ந்துவிடும்.

படத்தில் கிடைக்கோடுகள் மெல்ல ஏறி இறங்கினால் எர்த் லூப்: இரு இடத்தில் எர்த் ஆகி, கேபிள் வழியே மின்சாரம் ஓடுகிறது. கேமரா உடல் இரும்புச் சட்டத்தைத் தொடாதபடி பிளாஸ்டிக் தட்டு வையுங்கள். தீராவிட்டால் அதைத் துண்டிக்கும் கிரவுண்ட் லூப் ஐசோலேட்டர் போடுங்கள். பழைய டிவிஆரும் (அனலாக் பதிவுக் கருவி) ஓடட்டும் என்று டி கனெக்டரில் பிரித்தால், இரு கருவியிலும் உள்ள 75 ஓம் முடிவுத் தடை (டெர்மினேஷன்) சேர்ந்து படம் மங்கும். ஒரு பக்க டெர்மினேஷனை அணையுங்கள்.

நெட்வொர்க் பக்கம் வேலை குறைவு. என்கோடருக்கு நிலையான ஐபி கொடுத்து, தொழிற்சாலைக் கடவுச்சொல்லை மாற்றி, ஆன்விஃப் (வெவ்வேறு நிறுவனக் கருவிகள் பேசிக்கொள்ளும் பொது முறை) வழியாக என்விஆரில் சேருங்கள். கடவுச்சொல் சரியாக இருந்தும் ஏற்க மறுத்தால் கடிகாரத்தைப் பாருங்கள்: இரு கருவிகளின் நேரமும் ஒத்துப்போகாவிட்டால் ஆன்விஃப் உள்ளே விடாது. ரவுட்டரில் போர்ட் திறக்காதீர்கள், வெளியிலிருந்து பார்க்க விபிஎன்.

சேனலுக்கு 1 எம்பிபிஎஸ் என்றால் நான்குக்கும் நாளொன்றுக்குச் சுமார் 43 ஜிபி. 30 நாளுக்கு 2 டிபி வட்டு தாராளம். படம் என்னவோ அதே 720×576தான். தூரத்து வண்டி எண் தெரிய வேண்டிய இடத்தில் மட்டும் கேமராவையே மாற்றுங்கள்.