இன்னொரு தடவை எண்ணுங்க

"இன்னொரு தடவை எண்ணுங்க தம்பி, சரியா இருக்கும்."

2016 நவம்பர் கடைசி வாரம், இரவு ஒன்பதரை மணிக்கு, எங்கள் வங்கியில் பக்கத்துக் கவுன்ட்டரில் இருந்த அக்கா சொன்னது இவ்வளவுதான். அதற்குள் என் கவுன்ட்டரின் அன்றைய பணத்தை இரண்டு தடவை எண்ணிவிட்டேன். இரண்டு தடவையும் இருபதாயிரம் குறைந்தது. மூன்றாவது தடவை கட்டின் மேல் பத்து இரண்டாயிரம் ரூபாய்த் தாள்கள் இருந்தன. நடுவில் பர்ஸில் மடித்த தடம்.

அப்போது வாரத்துக்கு 24,000 ரூபாய்க்கு மேல் சேமிப்புக் கணக்கிலிருந்து பொதுவாக எடுக்க முடியாது. அன்று மதியம்தான் அக்கா வீட்டுச் செலவுக்கு எடுத்திருந்தார். எண்ணிக் கொடுத்ததே நான்தான்.

செல்லாமல் போன பழைய நோட்டுகளைக் கட்ட வந்த கூட்டத்தில் யாருக்கு வேண்டுமானாலும் கணக்கு தப்பியிருக்கும். அது உண்மைதான். ஆனால் என் கை காலையிலேயே நடுங்கும். இரவு குடித்தது இறங்கும்போது வருகிற நடுக்கம் அது. ஸ்பாஞ்சில் விரல் நனைக்கிற சாக்கில் மறைத்துக்கொள்வேன். பக்கத்துக் கவுன்ட்டரில் இருந்தவருக்குத் தெரியாமலா இருந்திருக்கும்?

ஒரு வார்த்தை கேட்கவில்லை. திட்டியிருந்தால் எதிர்த்துப் பேசியிருப்பேன், அன்றிரவும் குடித்திருப்பேன். அடுத்த திங்கட்கிழமை அரசு மருத்துவமனை மனநலப் பிரிவுக்குப் போனேன். மாத்திரை, நடுவில் ஒரு சறுக்கல், மறுபடி மாத்திரை. நான் போகிற நாட்களில் என் கவுன்ட்டரையும் அக்காவே பார்த்துக்கொண்டார். பணத்தை ஆறு மாதத்தில் திருப்பிக் கொடுத்தேன். வாங்கிப் பைக்குள் வைத்துக்கொண்டார், எண்ணவில்லை.

இப்போது நான் அதிகாரி. போன வருடம் ஒரு பையனுக்குப் பதினைந்தாயிரம் குறைந்தது. அவன் கையும் நடுங்கியது. "இன்னொரு தடவை எண்ணுங்க" என்று நானும் சொன்னேன். கட்டின் மேல் எதுவும் வைக்கவில்லை. மூன்றாவது தடவையும் குறைந்தது. அறிக்கை எழுதினேன்.

விதி அதுதான். குறைந்தால் அன்றே பதிவாக வேண்டும். பெட்டகச் சாவி இரண்டில் ஒன்று என்னிடம். ஊரார் பணத்துக்கு நானும் பொறுப்பு. அக்கா அன்று செய்தது சரியில்லை என்றுகூட ஒருவரிடம் வாதாடினேன். சொல்லி முடித்ததும் தொண்டை அடைத்தது. அந்தச் சரியில்லாத காரியத்தால்தானே நான் இன்று இந்த நாற்காலியில் இருக்கிறேன்? பணம் வைக்காமலே அவனோடு உட்கார்ந்து பேசியிருக்கலாம். அதற்கு எந்த விதியும் தடையில்லை.

அவனுக்கு மெமோ வந்தது. அப்புறம் நீண்ட விடுப்பு. எண் என் போனில் இருக்கிறது. மனநலப் பிரிவுக்கு எந்தக் கிழமை போனால் கூட்டம் குறைவு என்பது எனக்குத் தெரியும். அதையாவது சொல்லலாம். இன்னும் கூப்பிடவில்லை.