ஜகார்த்தாவின் இஸ்திக்லால் பள்ளிவாசல்

இஸ்திக்லால் என்ற அரபுச் சொல்லுக்கு விடுதலை என்று பொருள். இந்தோனேசியாவை ஆண்ட டச்சுக்காரர்களின் பழைய கோட்டை இருந்த இடத்திலேயே இந்தப் பள்ளிவாசலைக் கட்ட வேண்டும் என்று நாட்டின் முதல் அதிபர் சுகர்னோ பிடிவாதமாக நின்றதை அந்தப் பெயரோடு சேர்த்துத்தான் பார்க்க வேண்டும். வடிவமைப்புப் போட்டியில் வென்ற ஃபிரெடரிக் சிலாபான் ஒரு கிறிஸ்தவர். 1961இல் அடிக்கல் நாட்டப்பட்டு, அரசியல் கொந்தளிப்பாலும் பணத் தட்டுப்பாட்டாலும் இழுபட்ட வேலை 1978இல்தான் முடிந்தது.

உள்ளே, துருப்பிடிக்காத எஃகுத் தகடு போர்த்திய 12 பருத்த தூண்கள், நாடு விடுதலை பெற்ற 1945ஐ நினைவூட்டும் வகையில் 45 மீட்டர் விட்டமுள்ள குவிமாடத்தைத் தாங்கி நிற்கின்றன. அலங்காரம் குறைவு என்று சிலர் குறைப்படுவதுண்டு. எனக்கோ, சுவரை அடைக்காமல் உலோகச் சட்டகங்கள் வழியே காற்றை உள்ளே விடும் அந்த வெப்பமண்டல அறிவுதான் இதன் பேரழகு. சாலைக்கு எதிர்ப்புறம் கத்தோலிக்கப் பேராலயம்; 2024 முதல் இரண்டையும் ஒரு சுரங்கப்பாதை இணைக்கிறது.