சீனியாரிட்டி பட்டியல்: காவல் பணியில் இருப்பவர்களுக்கான குறிப்புகள்

மார்ச் 3, 2025

வரைவுப் பட்டியல் சுற்றுக்கு வந்ததும் அவரவர் கண் போவது தன் வரிசை எண்ணுக்குத்தான். அதைக் கடைசியில் பார்க்கலாம். பெயருக்கு நேரே உள்ள கட்டங்களை முதலில் பாருங்கள்: நேரடி நியமனமா, பதவி உயர்வா? எந்த ஆண்டுத் தேர்வு? ரேங்க் என்ன? இந்தப் பதவிக்கு முறைப்படி நியமித்த ஆணையின் தேதி எது? எஸ்.ஆர். புத்தகத்தை (பணிப்பதிவேட்டை) பக்கத்தில் வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாக ஒப்பிட வேண்டும். பணியேற்றது ‘பிற்பகல்’ என்று பதிவாகியிருந்தால் பணிக்காலம் மறுநாளிலிருந்துதான் ஓடும்.

பொறுப்பு பார்த்த காலத்தையும் சேர்த்துக் கணக்கிட்டுப் பலர் ஏமாறுகிறார்கள். விதிப்படி அல்லாமல் இடைக்கால ஏற்பாடாகப் பார்த்த அட்ஹாக் பணி சீனியாரிட்டியில் சேராது. 1990-இல் மகாராஷ்டிரப் பொறியாளர்கள் வழக்கில் உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு இதைச் சொல்லிவிட்டது.

மார்ச் 6

ஆட்சேப மனு ஒரு பக்கம் போதும். ‘எனக்கு அநீதி நடந்துவிட்டது’ என்று இரண்டு பக்கம் எழுதினால் பிரிவு எழுத்தர் அதைக் கோப்பில் செருகுவதோடு சரி. எந்த வரிசை எண்ணில் உள்ளவர் எனக்கு மேலே தவறாக வைக்கப்பட்டிருக்கிறார், எந்த விதிப்படி அது தவறு, அதற்கு எந்த ஆணை ஆதாரம்: இந்த மூன்றும் இருக்க வேண்டும். உரிய வழியில், அதாவது உங்கள் மேலதிகாரி மூலமாக அனுப்புங்கள், முடிவெடுக்கும் அலுவலகத்துக்கு நேரே ஒரு முன்நகலும் அனுப்புங்கள். உங்கள் நகலில் தேதியோடு அலுவலக முத்திரை வாங்காமல் திரும்பாதீர்கள். கெடுவுக்குள் ஆட்சேபித்ததற்கு நாளை அந்த முத்திரைதான் சாட்சி.

மார்ச் 11

சண்டை பெரும்பாலும் நேரடி நியமனக்காரர்களுக்கும் பதவி உயர்வில் வந்தவர்களுக்கும் இடையில்தான். ஓர் உதாரணம். 2009-இல் நேரடித் தேர்வுக்கு அறிவிப்பு வருகிறது. ஏட்டாக இருந்தவர் 2010-இல் எஸ்.ஐ. ஆகிறார். அந்தத் தேர்வில் தேறியவர்கள் 2012-இல்தான் சேர்கிறார்கள். யார் மூத்தவர்?

2012 நவம்பர் 27-இல் உச்ச நீதிமன்றம் தந்த பர்மார் தீர்ப்பின்படி, தேர்வு தொடங்கிய ஆண்டின் காலியிடத்துக்கே நேரடி நியமனக்காரரைக் கணக்கிடலாம். அதாவது பணியில் சேர்வதற்கு முந்தைய காலத்திலிருந்தே அவருக்குச் சீனியாரிட்டி கிடைத்துவிடும். 2019 நவம்பர் 19-இல் மேகச்சந்திர சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை மாற்றியது. அது மணிப்பூர் காவல் பணி வழக்கு: பதவி உயர்வு பெற்றவர்கள் 2007 மார்ச் 1-இலும், நேரடி நியமனக்காரர்கள் அதே ஆண்டு ஆகஸ்டிலும் நவம்பரிலும் வந்தவர்கள். பணித்தொகுதிக்குள் (கேடருக்குள்) வராத ஒருவருக்கு அங்கே சீனியாரிட்டி கிடையாது என்பது தீர்ப்பு. என் பார்வையில் இதுவே நியாயம். பத்தாண்டுக்கு மேல் காத்திருந்து நட்சத்திரம் குத்திக்கொண்டவர், அப்போது சீருடையே போடாத ஒருவருக்குக் கீழே போகக் கூடாது.

ஆனாலும் பர்மார் முறையில் ஏற்கெனவே முடிவான பட்டியல்களைத் தீர்ப்பு காப்பாற்றிவிட்டது. மத்தியப் பணியாளர் துறையின் 2021 ஆகஸ்ட் 13 குறிப்பாணையின்படி, ஒரே தேர்வில் சிலர் 19-11-2019-க்கு முன்பும் மீதிப்பேர் பின்பும் சேர்ந்திருந்தால் எல்லாருக்குமே பர்மார் முறைதான். 2022 டிசம்பரில் ஹரிஹரன் வழக்கில் மேகச்சந்திர சிங் தீர்ப்பே பெரிய அமர்வின் பரிசீலனைக்கு அனுப்பப்பட்டிருக்கிறது. மாநிலக் காவல் துறைகளில் அந்தந்த மாநில விதிகள்தான் முதலில். அவற்றைப் படிக்காமல் டெல்லி குறிப்பாணையை மனுவில் எடுத்துப்போட வேண்டாம்.

மார்ச் 18

சொந்த விருப்பத்தில் வேறு யூனிட்டுக்கு மாறினால் அங்கே பட்டியலில் கடைசி இடம். விண்ணப்பத்தோடு அதற்கு ஒப்புதலும் எழுதி வாங்கிவிடுவார்கள். ஆனால் பழைய பணிக்காலம் முழுவதும் அழிந்துவிடாது. பதவி உயர்வுக்கு இத்தனை ஆண்டு அனுபவம் வேண்டும் என்ற தகுதிக்கு அதுவும் சேரும். பொன்னப்பன் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இது. இது தெரியாமல் அலுவலகங்கள் பெயரைத் தள்ளிவிடுவது உண்டு.

மார்ச் 27

பதவி உயர்வுக் குழு கூடும் சமயத்தில் ‘விசாரணை நிலுவையில் உள்ளது’ என்று பெயரை ஒதுக்குகிறார்கள். 1991 ஜானகிராமன் தீர்ப்பு தெளிவானது: துறை நடவடிக்கையில் குற்றச்சாட்டுக் குறிப்பாணையோ, குற்ற வழக்கில் குற்றப்பத்திரிகையோ வந்த பிறகுதான் குழுவின் முடிவை வெளியிடாமல் மூடிய உறையில் வைக்கலாம். வெறும் பூர்வாங்க விசாரணை போதாது. ஆகவே குழு கூடிய தேதி, குறிப்பாணையின் தேதி இரண்டையும் எடுத்து வையுங்கள். குற்றச்சாட்டிலிருந்து முழுமையாக விடுபட்டால் உறையைத் திறந்து, ஜூனியர் உயர்ந்த தேதியிலிருந்தே உங்கள் உயர்வையும் கணக்கிட வேண்டும்.

ஏப்ரல் 4

நீதிமன்றம் எது? சி.ஆர்.பி.எஃப்., பி.எஸ்.எஃப்., சி.ஐ.எஸ்.எஃப். படையினருக்கு, மத்திய அரசு ஊழியர்களின் பணி வழக்குகளைப் பார்க்கும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் கிடையாது. 1985-ஆம் ஆண்டு நிர்வாகத் தீர்ப்பாயங்கள் சட்டம் ஒன்றிய ஆயுதப் படைகளை விலக்குகிறது. நேரே உயர் நீதிமன்றம்தான். தமிழ்நாடு காவலர்களுக்கும் அப்படியே. டெல்லி போலீஸுக்குத் தீர்ப்பாயம் உண்டு.

காலம்தான் பலரைக் கவிழ்க்கிறது. ஜூனியர் மேலே போனால் ஆறு மாதத்துக்குள், மிஞ்சினால் ஓராண்டுக்குள் வர வேண்டும் என்று 1974-லேயே சதாசிவசாமி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியாயிற்று. அது தமிழ்நாட்டு அரசு ஊழியரின் வழக்கு. மனுமேல் மனு போட்டுக் காத்திருந்தால் கெடு நீளாது. பத்து வருடம் கழித்து வரும் பதில் கடிதமும் பழைய வழக்குக்கு உயிர் தராது.

இறுதிப் பட்டியலை எதிர்க்கும்போது, உங்களால் கீழே இறங்கப்போகிறவர்களையும் எதிர்மனுதாரர்களாகச் சேருங்கள். அவர்கள் நிறையப் பேர் என்றால் சிலரையாவது பிரதிநிதிகளாகச் சேர்க்க வேண்டும். அரசை மட்டும் சேர்த்தால் அந்தக் குறையிலேயே மனு தள்ளுபடியாகலாம். கோரிக்கையில் பட்டியலை ரத்து செய்வதோடு நிற்காமல், பழைய பதவி உயர்வுக் குழு கூடிய தேதியின் நிலவரப்படி மறுபரிசீலனைக் குழு கூட்டவும் கேளுங்கள். முந்தேதியிட்ட உயர்வு கிடைத்தாலும் சம்பள நிலுவை தானாக வராது, அதைத் தனியாகக் கேட்க வேண்டும்.