பிராகில் ஓசி டூர் போன கதை

முதலில் வயிற்றெரிச்சலைக் கொட்டிவிடுகிறேன். ஊர் அழகை அப்புறம் பேசலாம். 100 யூரோவுக்கு ஏறத்தாழ 2,450 கொருனா (செக் நாட்டுப் பணம்) வரவேண்டிய நாளில், பிராக் பழைய நகரச் சதுக்கத்துக்குப் பக்கத்துத் தெருவில் ஒரு பணம் மாற்றும் கடைக்காரர் என் கையில் எண்ணி வைத்தது 1,900. கண்ணாடியில் ஆளுயரத்துக்கு 'கமிஷன் 0%' என்று ஒட்டியிருந்தது. கமிஷன் எடுக்கவில்லைதான். எடுக்க வேண்டியதை ரேட்டிலேயே எடுத்துவிட்டார்கள். 550 கொருனா போச்சு. ஒரு கொருனா சுமார் 4 ரூபாய், கணக்கை நீங்களே போட்டுக்கொள்ளுங்கள். நான் போட்டுப் போட்டுக் களைத்துவிட்டேன்.

செக் நாடு ஐரோப்பிய ஒன்றியத்தில் இருக்கிறது, ஆனால் யூரோவுக்கு மாறவில்லை. இது எனக்குத் தெரியும். தம்பியும் படித்துப் படித்துச் சொன்னான். அவன் ஜெர்மனியில் டிரெஸ்டனில் படிக்கிறான். அங்கிருந்து பிராக் பஸ்ஸில் இரண்டு மணி நேரம்தான். "அக்கா, இங்க எல்லா இடத்துலயும் கார்டு எடுப்பாங்க, பணமே மாத்தாத" என்றான். நான்தான் கேட்கவில்லை. காரணம், காலை 10 மணிக்கு நாங்கள் போகவிருந்த 'இலவச' நடைச் சுற்றுலா. இலவசம் என்று சொன்னாலும் கடைசியில் வழிகாட்டிக்கு டிப்ஸ் கொடுக்க வேண்டும், அதற்கு நோட்டு வேண்டுமே என்று போய் மாட்டினேன். ஓசி டூருக்காக 550 கொருனா தண்டம் அழுத ஒரே ஆள் நானாகத்தான் இருப்பேன்.

தம்பி ரசீதைப் பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால்கூடத் தேவலாம்.

சதுக்கத்தில் பச்சைக் குடையோடு ஒரு பெண் நின்றிருந்தார். நாற்பது வயது இருக்கும், பிராகிலேயே பிறந்து வளர்ந்தவர். அவரைச் சுற்றி நாங்கள் இருபத்து மூன்று பேர். முதல் வேலையாக எல்லோரையும் நிற்க வைத்து ஒரு குரூப் போட்டோ எடுத்தார். "எதுக்குடா இது, நினைவுக்கா?" என்று கேட்டேன். "தலை எண்ண, அக்கா" என்றான். இப்படி டூர் நடத்தும் பல நிறுவனங்கள், வந்த ஆட்களை எண்ணி, தலைக்கு இவ்வளவு என்று வழிகாட்டியிடமிருந்தே வாங்கிக்கொள்கின்றனவாம். அதாவது நாம் ஒன்றும் கொடுக்காமல் நழுவினால், நம் தலைக்கான காசு அவர் கையிலிருந்து போகும். இது தெரிந்த பிறகு இரண்டரை மணி நேரமும் அவருடைய குரலைக் கேட்டேனா, கூட்டத்தில் யார் யார் நழுவப் போகிறார்கள் என்று பார்த்தேனா என்று எனக்கே சந்தேகம்.

டூர் தொடங்கியது ஒரு கொலைக்களத்தில். பழைய நகர மண்டபத்தின் கிழக்குச் சுவரடியில், நடைபாதைக் கற்களுக்கு நடுவே வெள்ளைக் கல்லில் 27 சிலுவைகள் பதித்திருக்கிறார்கள். அரை மணி நேரம் முன்பு அவற்றின்மேல் நின்றுகொண்டுதான் நான் கொருனாவை எண்ணியிருக்கிறேன். 1620-இல் வெள்ளை மலைப் போரில், அப்போது நாட்டை ஆண்ட ஹாப்ஸ்பர்க் அரசரை எதிர்த்துத் தோற்ற பொஹீமிய (செக்) தலைவர்களில் 27 பேரை, 1621 ஜூன் 21 அன்று இதே இடத்தில் கொன்றார்கள். 24 பேருக்குத் தலை போயிற்று, 3 பேருக்குத் தூக்கு. அவர்களில் ஒருவர் யெசெனியுஸ் என்ற மருத்துவர். 1600-இல் இதே ஊரில் எல்லோரும் பார்க்க ஒரு பிணத்தை அறுத்து உடற்கூறு காட்டியவர். அவருக்கு முதலில் நாக்கை அறுத்துவிட்டு அப்புறம் தலையை வெட்டினார்கள். பன்னிரண்டு தலைகளைச் சார்லஸ் பாலத்துக் கோபுரத்தில் பத்து வருடம் தொங்கவிட்டிருந்தார்கள். இதையெல்லாம் அந்தப் பெண், சமையல் குறிப்பு சொல்வதுபோல், குரலை ஏற்றாமல் இறக்காமல் சொன்னார். அதனாலேயே பயமாக இருந்தது.

11 மணிக்கு வானியல் கடிகாரம். உலகமே இதைப் பார்க்கத்தான் வருகிறது. 1410-இல் செய்தது. செய்தவர் வேறு ஊரில் இன்னொன்று செய்துவிடக்கூடாதென்று அவருடைய கண்ணைக் குருடாக்கினார்கள் என்றொரு கதை உண்டு. கதை பொய். அந்தக் கதையில் வரும் ஹனுஷ் என்பவர் இதைச் செய்யவே இல்லை, செய்தவர் மிக்குலாஷ் என்ற கடிகாரக்காரர். மணி அடிக்கும்போது எலும்புக்கூடு கயிற்றை இழுக்கிறது, மேலே இரண்டு சன்னல்கள் திறந்து பன்னிரண்டு சீடர்கள் வரிசையாகப் போகிறார்கள், ஒரு சேவல் கூவுகிறது. முடிந்தது. ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. கூட்டத்தில் பாதிப் பேர் 'இவ்வளவுதானா' என்று முகத்தைச் சுளித்தார்கள்.

எனக்குப் பிடித்திருந்தது. பிடித்தது சீடர்களை அல்ல, வட்டத்துக்கு இரு பக்கமும் நிற்கும் குட்டிப் பொம்மைகளை. எலும்புக்கூடு 'நேரமாச்சு, வா' என்று தலையசைக்க, வட்டத்தின் எதிர்ப்பக்கத்தில் பணமூட்டையைப் பிடித்துக்கொண்டு நிற்கும் கஞ்சன் 'மாட்டேன், மாட்டேன்' என்று தலையை ஆட்டுகிறான். அவனைப் பார்த்ததும் என் கைப்பையில் இருந்த ரசீது ஞாபகம் வந்துவிட்டது. கடிகாரத்தின் வெளி வளையத்தில் பழைய எழுத்தில் 1 முதல் 24 வரை எண்கள் இருக்கும், அது பழைய செக் நேரம். சூரியன் மறைந்ததிலிருந்து நாளை எண்ணத் தொடங்குவார்களாம். இருட்டுவதற்கு இன்னும் எத்தனை மணி நேரம் இருக்கிறது என்று அதைப் பார்த்தாலே தெரிந்துவிடும். எவ்வளவு வசதி! ஆமாம், எல்லோரும் அண்ணாந்து பார்க்கும் அந்த ஒரு நிமிடம் ஜேப்படிக்காரர்களுக்குப் பொன்னான நேரம். பையை முன்பக்கம் மாட்டிக்கொள்ளுங்கள்.

நடுவில் மோட்சார்ட் 1787-இல் தன் 'டான் ஜொவான்னி' இசை நாடகத்தை முதன்முதலாக நடத்திய அரங்கம் வந்தது. பச்சையும் வெள்ளையுமான கட்டடம். வெளியே நின்று பார்த்துவிட்டு நடந்தோம். இந்த மாதிரி டூரில் எந்தக் கட்டடத்துக்குள்ளும் கூட்டிப்போக மாட்டார்கள், அதைத் தெரிந்துகொண்டு போங்கள்.

பிறகு வென்சஸ்லாஸ் சதுக்கம். சதுக்கம் என்று பெயர்தான், பார்த்தால் நீளமான அகலத் தெரு. மேல் முனையில் தேசிய அருங்காட்சியகம். அதன் முன்னே நடைபாதையில் ஒரு வெண்கலச் சிலுவை, தரைக்கு அடியில் யாரோ படுத்திருப்பதுபோல் கற்களை மேலே தூக்கிக்கொண்டு கிடக்கிறது. சோவியத் படை நாட்டுக்குள் வந்த மறு வருடம், 1969 ஜனவரி 16 அன்று, யான் பாலாக் என்ற 20 வயது மாணவன் அதை எதிர்த்து இங்கே தன்னைத் தீ வைத்துக்கொண்டான். மூன்று நாள் கழித்து இறந்தான். வழிகாட்டி அதற்குமேல் விளக்கவில்லை. கீழே நடந்துவந்து ஒரு பால்கனியைக் காட்டினார். 1989 நவம்பரில், கம்யூனிஸ்ட் ஆட்சியை எதிர்த்த எழுத்தாளர் ஹாவெல் அங்கிருந்துதான் பேசினார். கீழே நின்ற கூட்டம் சாவிக்கொத்துகளை எடுத்துக் குலுக்கியது. 'கதவைத் திற, வீட்டுக்குப் போ' என்று ஆட்சியாளர்களுக்குச் சொன்னார்களாம். சொல்லிக்கொண்டே தன் கோட்டுப் பையிலிருந்து வீட்டுச் சாவியை எடுத்துக் காதருகே குலுக்கிக் காட்டினார். "எங்க அம்மா தோள்ல என்னை வெச்சுக்கிட்டு வந்திருந்தாங்க. இந்தச் சத்தம் மட்டும் ஞாபகம் இருக்கு" என்றார். சின்னச் சத்தம்தான். அன்று லட்சக்கணக்கான சாவிகள்.

நான் உருகிப்போய் நின்றேன். சரியாக அந்த நேரத்தில், 12 மணி இடைவேளைக்கு நடந்தபடியே சாதாரணமாக ஒரு வாக்கியம் சொன்னார்: "தெருக்கடைகளில் பணம் மாற்றாதீர்கள், மாற்றியிருந்தால் மூன்று மணி நேரத்துக்குள் திருப்பிக் கேட்கலாம், சட்டம் இருக்கிறது."

நானும் தம்பியும் ஒருவரை ஒருவர் பார்த்தோம். ரசீதை உருவினேன். 9:42. இப்போது 12:04.

2019 ஏப்ரலிலிருந்து அமலில் இருக்கிறதாம். 1,000 யூரோ வரைக்கும் மாற்றிய பணத்தை, மூன்று மணி நேரத்துக்குள், காரணம் சொல்லாமல், கட்டணம் இல்லாமல் ரத்து செய்யலாம். வாங்கியதை முழுசாகத் திருப்பிக் கொடுக்க வேண்டும், ரசீது இருக்க வேண்டும், அவ்வளவுதான். (இதை முதல் நிமிடமே சொல்லக்கூடாதா தாயே!) ஓடினோம். கருங்கல் சில்லு பதித்த தெருவில் ஓடிப் பார்த்தால்தான் தெரியும், கணுக்கால் ஒவ்வொரு அடிக்கும் ஒரு பக்கம் மடங்கும். வழியில்தான் இன்னொன்று உறைத்தது. காலையில் கழிப்பறைக்கு 20 கொருனா கொடுத்திருந்தேன். என்னிடம் இருப்பது 1,880. தம்பி போன தடவை வந்தபோது மிஞ்சிய சில்லறையைக் கோட்டின் மூலையிலிருந்து துழாவி ஒரு 20 கொருனா காசை எடுத்தான். அந்தக் காசை நான் எந்தச் சாமி படத்துக்கு முன்னால் வைத்தாலும் தகும்.

கடைக்காரருக்குக் காலையில் ஆங்கிலம் நன்றாகவே வந்தது. இப்போது வரவில்லை. தலையை ஆட்டினார், அந்தக் கஞ்சன் பொம்மை மாதிரியே. தம்பி செல்பேசியில் அந்தச் சட்டத்தைச் செக் மொழியிலேயே எடுத்து, கண்ணாடியில் ஒட்டவைத்துக் காட்டினான். நான் ரசீதில் இருந்த நேரத்தின்மேல் விரலை வைத்துக்கொண்டு அசையாமல் நின்றேன். எங்களுக்குப் பின்னால் வரிசையில் நின்ற இரண்டு பேர் என்ன விஷயம் என்று எட்டிப் பார்த்ததும் அவருக்குச் சட்டம் புரிந்துவிட்டது. ஒரு படிவத்தில் கையெழுத்து, புது ரசீது, என் இரண்டு 50 யூரோ நோட்டுகள். அவர் ஒரு வார்த்தை பேசவில்லை. பின்னால் நின்ற இருவரும் வரிசையை விட்டுப் போய்விட்டார்கள்.

கொருனா வேண்டுமென்றால் வங்கியோடு ஒட்டிய ஏடிஎம்மில் எடுங்கள். 'உங்கள் நாட்டுப் பணத்தில் கணக்கிடவா' என்று திரை கேட்கும், வேண்டாம் என்று அழுத்துங்கள். அது இன்னொரு ரேட்டு மோசடி. நாங்கள் அப்படியே 1,500 எடுத்துக்கொண்டு, யூதக் குடியிருப்பில் குழுவைப் பிடித்தோம்.

அங்கே இரண்டு கடிகாரம் உள்ள ஒரு கட்டடம், பழைய யூத நகர மண்டபம். மேலே இருப்பது சாதாரணக் கடிகாரம். கீழே உள்ளதில் எண்களுக்குப் பதில் எபிரேய எழுத்துகள், அந்த எழுத்து வலமிருந்து இடம் போவதால் முள்ளும் அப்படியே பின்னோக்கிச் சுற்றுகிறது. அன்று காலை எனக்கு நடந்ததுக்குப் பொருத்தமான கடிகாரம் என்றால் இதுதான், ஆறு நூற்றாண்டு பழைய அந்த வானியல் கடிகாரம் அல்ல. எதிரே 1270 வாக்கில் கட்டிய யூதத் தொழுகைக்கூடம். இன்றும் வழிபாடு நடக்கிறது. அதன் பரணில்தான் களிமண் மனிதன் கோலெம் கிடக்கிறான் என்று கதை.

டூர் ஆற்றங்கரையில் முடிந்தது. 23 பேரில் 14 பேர்தான் மிச்சம். இடைவேளையில் காபி குடிக்கப் போகிறோம் என்று போன ஐந்து பேர் வரவே இல்லை. பிடிக்கவில்லை என்றால் நேராகச் சொல்லிவிட்டுப் போவதில் தப்பில்லை. போட்டோவுக்கு முன்வரிசையில் சிரித்துக்கொண்டு நின்றுவிட்டு இப்படிக் கம்பி நீட்டுவது மட்டமான வேலை. ஆளுக்கு 150 என்று நான் முந்தின நாள் பட்ஜெட் போட்டிருந்தேன். இரண்டு பேருக்கும் சேர்த்து 600 கொடுத்தேன். பணம் திரும்பி வந்த கதையைச் சொன்னதும் அவர் குடையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு கைதட்டினார்.

மதியச் சாப்பாடு எங்கே என்று அவரிடமே கேட்டோம். சதுக்கத்தைப் பார்த்த மேசை எதிலும் உட்காராதே, இரண்டு தெரு தள்ளிப் போ, வாரநாளில் மதிய மெனு என்று பலகையில் செக் மொழியில் எழுதிப்போட்டிருக்கும் கடையில் நுழை என்றார். போனோம். குலைடா என்றொரு சூப். புளித்த க்ரீம், உருளைக்கிழங்கு, காளான், மேலே ஒரு அவித்த முட்டை, நிறையச் சதகுப்பை இலை. கொஞ்சம் புளிப்பு, கொஞ்சம் இனிப்பு, குளிருக்குத் தொண்டையில் இறங்கும்போதே உடம்பு தளர்ந்தது. தம்பி மாட்டிறைச்சியும் க்ரீம் குழம்பும் சாப்பிட்டான். கூட வந்த மாவுருண்டைத் துண்டுகளை "இட்லி மாதிரிதான்க்கா" என்று ஒன்றை நீட்டினான். இட்லி மாதிரி இல்லை. ஆனாலும் குழம்பில் தோய்த்து மூன்று தின்றேன். இரண்டு பேருக்கும் சேர்த்து 400 கொருனாவுக்குள். காலையில் சதுக்கத்தில் ஒரே ஒரு சர்க்கரைச் சுருள் ரொட்டி, அதுவும் 'பழம்பெரும் செக் இனிப்பு' என்று பொய் சொல்லி, 140-க்கு விற்றுக்கொண்டிருந்தார்கள்.

பில்லைக் கார்டில் கட்டினோம். தம்பி இன்னும் அந்த 20 கொருனாவைக் கேட்டுக்கொண்டிருக்கிறான்.